ரொட்டிக் கடை வீட்டு மருமகன்

கோல் மார்க்கெட் வட்டாரத்தில் குடியிருந்த தமிழ்க் குடும்பங்களுக்கு லேடி ஹார்டிஞ்ச் ஆஸ்பத்திரியைத் தெரியாமல் இருக்க முடியாது. அந்த லேடி ஹார்டிஞ்ச் யார் என்று கேட்டால், யாரோ ஒரு வைஸ்ராயின் சம்சாரம் என்று பதில் வரும். அது சரிதான். 1912-ம் ஆண்டு டிசம்பர் 23-ந் தேதி, புதிய தலைநகருக்குள் வைஸ்ராய் ஹார்டிஞ்ச் பிரபு கோலாகலமாகப் பிரவேசித்தபோது, சாந்தினி சௌக்கில் யானையின் அம்பாரி மீது கணவருக்குப் பக்கத்தில் அந்த அம்மாள் உட்கார்ந்திருந்தார். அப்போது ஒரு வெடிகுண்டு வந்து விழுந்தது. பின்னால் குடை பிடித்து நின்ற சேவகர் இறந்து போனார். வைஸ்ராய் முதுகில் பலத்த காயத்துடன் தப்பினார். அம்மாளுக்கு ஒன்றும் ஆகவில்லை. ஆனாலும் அவர் 1914-ல் காலமாகிவிட்டார். அவருடைய முயற்சியில் தொடங்கிய மருத்துவக் கல்லூரி 1916-ல் திறக்கப்பட்டது.

அன்று யானை மீது வந்து இறங்கிய தலைநகரம்தான் பிறகு சர்க்கார் குமாஸ்தாக்களுக்கு வரிசை வரிசையாகக் குவார்ட்டர்ஸ் கட்டியது. அவர்கள் காய்கறி வாங்க 1921-ல் வட்ட வடிவமாகக் கோல் மார்க்கெட்டையும் கட்டியது. கல்கத்தாவிலிருந்து வங்காளிகளும், சென்னை ராஜதானியிலிருந்து நம்மவர்களும் ஃபைல் கட்டுகளின் பின்னால் இங்கே வந்து சேர்ந்தார்கள். குண்டு வீச ஏற்பாடு செய்தவரும் ஒரு குமாஸ்தாதான் என்பது வேடிக்கையான பொருத்தம். டேராடூனில் உள்ள வன ஆராய்ச்சி நிலையத்தில் தலைமைக் குமாஸ்தாவாக வேலை பார்த்த ராஷ் பிஹாரி போஸ் அவர்.

நேதாஜி சுபாஷ் சந்திர போஸை அறியாதவர் இல்லை. அவருக்கு முன்னாலேயே ஜப்பானுக்குப் போய், அவருக்காகப் பாதை போட்டு வைத்த இந்த இன்னொரு போஸைப் பற்றிப் பள்ளிப் புத்தகத்தில் நாலு வரி இருக்கும். குண்டு, தலைமறைவு, இந்திய தேசிய ராணுவம் என்று அந்த நாலு வரி முடிந்துவிடும். அவர் டோக்கியோவில் ஒரு ரொட்டிக் கடைக்காரர் வீட்டு மாப்பிள்ளையாக இருந்தார் என்பதும், அந்தக் கல்யாணத்துக்கு ஒரு பெண் கொடுத்த விலை என்ன என்பதும் அதில் இடம் பெறுவதில்லை.

ரயிலில் திரும்பிய குமாஸ்தா

ராஷ் பிஹாரி 1886-ம் ஆண்டு மே 25-ந் தேதி வங்காளத்தில் பர்த்துவான் ஜில்லா சுபல்தஹா கிராமத்தில் பிறந்தார். வளர்ந்தது பிரெஞ்சுக்காரர் வசம் இருந்த சந்திரநாகூரில். நம் புதுச்சேரி மாதிரியே அதுவும் பிரிட்டிஷ் போலீஸ் சுலபமாக நுழைய முடியாத ஊர். டேராடூன் உத்தியோகம் அவருக்கு நல்ல போர்வையாக இருந்தது. சாந்தினி சௌக்கில் குண்டை வீசியவர் பசந்த குமார் விஸ்வாஸ் என்ற இளைஞர். திட்டம் ராஷ் பிஹாரியுடையது. காரியம் முடிந்ததும் அன்றிரவே ரயிலேறி டேராடூன் திரும்பிய தலைமைக் குமாஸ்தா, ஒன்றும் அறியாதவர் போல ஆபீசுக்குப் போனார். அதோடு விடவில்லை. வைஸ்ராய் மீது நடந்த தாக்குதலைக் கண்டித்து ராஜ விசுவாசிகளின் கூட்டம் ஒன்றையும் முன்னின்று நடத்தினார்!

போலீசுக்குத் துப்புக் கிடைக்க வெகு காலம் பிடித்தது. கிடைத்தபோது அவர் அகப்படவில்லை, மற்றவர்கள் அகப்பட்டார்கள். அமீர் சந்த், அவத் பிஹாரி, பாய் பால்முகுந்த், பசந்த குமார் விஸ்வாஸ் ஆகிய நால்வரும் 1915-ம் ஆண்டு மே மாதம் தூக்கிலிடப்பட்டார்கள். அவர்களில் சிலரைத் தூக்கிலிட்ட டில்லிப் பழைய சிறை வளாகத்தில்தான் பிறகு மௌலானா ஆசாத் மருத்துவக் கல்லூரி வந்தது. அதற்குள் ராஷ் பிஹாரி வேறொரு பெரிய முயற்சியிலும் தோற்றிருந்தார். அமெரிக்காவிலிருந்து திரும்பிய கதர் கட்சியினருடன் சேர்ந்து, 1915 பிப்ரவரியில் ராணுவத்தில் ஒரு புரட்சியைக் கிளப்பத் திட்டமிட்டார். உள்ளேயே இருந்த ஒற்றன் ஒருவன் காட்டிக் கொடுத்துவிட்டான்.

இனி இந்தியாவில் இருந்தால் கழுத்துக்குக் கயிறு நிச்சயம் என்ற நிலையில், மே 12-ந் தேதி கல்கத்தாவில் சானுகி மாரு என்ற ஜப்பானியக் கப்பலில் ஏறினார். டிக்கெட்டில் பெயர் பி. என். டாகூர். மகாகவி ரவீந்திரநாத் டாகூரின் உறவினர், அவரது ஜப்பான் யாத்திரைக்கு முன்னேற்பாடு செய்யப் போகிறவர் என்று வேஷம். ஜூன் மாதம் கோபே துறைமுகத்தில் இறங்கினார். வயது 29. மனைவி மக்கள் இல்லை. அந்த நாட்டு மொழியில் ஒரு வார்த்தை தெரியாது.

செருப்பு மட்டும் வாசலில்

அப்போது பிரிட்டனும் ஜப்பானும் நேச நாடுகள். நவம்பர் 27-ந் தேதி டோக்கியோவில் இந்தியர்கள் ஒரு கூட்டம் போட்டார்கள்; லாலா லஜபதி ராயும் அங்கே பேசினார். மறுநாளே ராஷ் பிஹாரிக்கும் அவரது தோழர் ஹேரம்பலால் குப்தாவுக்கும் நாடு கடத்தும் உத்தரவு வந்தது. டிசம்பர் 2-ந் தேதிக்குள் வெளியேற வேண்டும். அன்று கிடைக்கக் கூடிய கப்பல் எல்லாம் பிரிட்டிஷ் துறைமுகங்களைத் தொட்டுச் செல்பவை. அதாவது தூக்குமேடைக்கே டிக்கெட்.

தோயாமா மிட்சுரு என்ற செல்வாக்கு மிக்க தேசியவாதத் தலைவர் இருந்தார். அவர் வீட்டுக்குள் போலீஸ் கால் வைக்காது. (இந்த மனிதரைப் பற்றிக் கொரியர்களிடமும் சீனர்களிடமும் கேட்டால் வேறு விதமாகச் சொல்வார்கள், அது தனிக் கதை.) விடைபெற்றுக் கொள்வதாகச் சொல்லி டிசம்பர் 1-ந் தேதி மாலை இரு இந்தியர்களும் அவர் வீட்டுக்குள் போனார்கள். போலீஸார் தெருவில் காத்திருந்தார்கள். வாசலில் கழற்றி வைத்த பாதரட்சைகள் அப்படியே இருந்தன. ஆகவே ஆட்கள் உள்ளேதான் இருக்கிறார்கள் என்று நம்பினார்கள். ஆட்களோ கொல்லைப்புறமாக வெளியேறி, தயாராக நின்ற மோட்டாரில் ஏறி ஷின்ஜூகு என்ற பகுதிக்குப் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். அங்கே நகமுராயா என்ற ரொட்டிக் கடைக்காரர், தலைமறைவாக வைத்துக் கொள்ள நான் தயார் என்று தாமாகவே முன்வந்திருந்தார். கடைக்கு வந்த பத்திரிகைக்காரர் ஒருவரிடம் பேச்சுவாக்கில் சொன்னது, தோயாமாவின் காதுக்கு எட்டியிருந்தது.

இனி இந்த ரொட்டிக் கடை வீட்டைப் பற்றிச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டும். ராஷ் பிஹாரி நுழைந்த வீடு ஏற்கெனவே துக்கம் கண்ட வீடு.

வெண்குடை பிடித்து வந்தவள்

கடைக்காரர் பெயர் ஸோமா ஐஸோ. மலைகள் சூழ்ந்த நகானோ பிரதேசத்தில் ஹோதாகா என்னும் கிராமத்தைச் சேர்ந்த வசதியான குடும்பம். 1897-ல் அவர் மணந்து வந்த பெண் செண்டாய் நகரத்தில் பிறந்தவள்; கிறிஸ்தவப் பள்ளிகளில் ஆங்கிலமும் இலக்கியமும் படித்தவள். இயற்பெயர் ரியோ. எழுதுவதற்கு வைத்துக் கொண்ட பெயர் கோக்கோ. கறுப்பு ஒளி என்று அதற்கு அர்த்தம். உன் வெளிச்சத்தைக் கொஞ்சம் மூடி வைத்துக் கொள் என்ற கருத்தில் அவளது ஆசிரியர் சூட்டிய பெயர் என்பார்கள்.

கல்யாணச் சீராக அவள் கொண்டு வந்தவற்றில் ஓர் எண்ணெய்ச் சாய ஓவியமும் இருந்தது. அந்தக் கிராமத்தில் அப்படி ஒன்றை யாரும் பார்த்ததில்லை. வயல் வேலை செய்து கொண்டிருந்த ஒரு பையன், வெண்குடை பிடித்துப் பாதையில் நடந்து வந்த இந்தப் பட்டணத்துப் பெண்ணைப் பார்த்தான். பிறகு அவள் வீட்டில் அந்த ஓவியத்தையும் பார்த்தான். ஓகிவாரா ரோகுஸான் என்று பின்னாளில் புகழ்பெற்ற சிற்பி அவன். 1879-ல் பிறந்தவன், கோக்கோவை விட மூன்று வயது இளையவன். கலையும் அவளும் அவன் மனத்தில் ஒரே நாளில் குடியேறிவிட்டார்கள் என்று சொன்னால் மிகையில்லை.

கோக்கோவுக்குக் கிராம வாழ்க்கை ஒத்துவரவில்லை, உடம்பு கெட்டது. 1901-ல் தம்பதி டோக்கியோவுக்கு வந்து, சர்வகலாசாலை எதிரே நகமுராயா என்ற ரொட்டிக் கடையைப் பெயரோடு விலைக்கு வாங்கினார்கள். 1904-ல் உள்ளே இனிப்புப் பாலேடு வைத்த பன் ஒன்றைச் செய்து நல்ல பெயர் வாங்கினார்கள். பிறகு ஷின்ஜூகுவுக்குக் கடை பெயர்ந்தது. ரோகுஸான் அதே 1901-ல் அமெரிக்கா போனார், அங்கிருந்து பாரிஸ். ரோடின் செய்த சிந்தனையாளன் சிலையைக் கண்ட பின், ஓவியத்தை விட்டுச் சிற்பத்துக்கு மாறினார். 1908-ல் ஊர் திரும்பியவர், நகமுராயாவுக்குப் பக்கத்திலேயே தமக்கு ஒரு கலைக்கூடம் கட்டிக் கொண்டார்.

பக்கத்தில் வந்த பிறகுதான் அவருக்கு விஷயம் தெரிந்தது. ஐஸோவுக்குச் சொந்த ஊரில் வேறொரு பெண்ணின் தொடர்பு இருந்தது. கோக்கோ அதை மௌனமாகத் தாங்கிக் கொண்டிருந்தார். ரோகுஸானுக்குப் பொறுக்கவில்லை. நண்பனின் மனைவி மேல் தமக்கிருந்த அன்பை அதுவரை மரியாதை என்று பெயரிட்டு மறைத்து வைத்திருந்தவர், இனி மறைக்க முடியாமல் தவித்தார். இவ்வளவுக்குப் பிறகும் அவள் ஏன் அந்த வீட்டில் இருக்கிறாள் என்பது அவருக்குப் புரியவேயில்லை. கோக்கோவுக்கோ குழந்தைகள் இருந்தன, கடை இருந்தது. வீட்டை விட்டு அவர் வெளியேறவில்லை. ஐஸோவும் ரோகுஸானை வீட்டுப் பிள்ளை போலவே நடத்தினார். மூவரும் ஒரே மேஜையில் சாப்பிட்டார்கள்.

சொல்ல முடியாததை அந்தச் சிற்பி களிமண்ணில் சொன்னார். ஜப்பானியருக்குத் தெரிந்த ஒரு பழங்கதை உண்டு. பிறன் மனைவி மேல் ஆசை வைத்த வீரன் ஒருவன், அவள் கணவனைக் கொல்ல இரவில் வருகிறான். அவளோ கணவனின் இடத்தில் தானே படுத்து, அவன் வாளுக்குத் தன் கழுத்தைக் கொடுத்துவிடுகிறாள். அந்த வீரன் பிறகு மொங்காகு என்ற துறவியானான். 1908-ல் ரோகுஸான் செய்த முதல் பெரிய சிலை இந்த மொங்காகுதான். மறு ஆண்டு, குப்புற விழுந்து முகம் மறைத்துக் கிடக்கும் ஒரு பெண் உருவம். விரக்தி என்று அதற்குப் பெயர். 1910-ல் கடைசிச் சிலை. ஒரு பெண் முழங்காலிட்டிருக்கிறாள். கைகள் பின்னால் பிணைந்து கிடக்கின்றன. கால்கள் தரையை விட்டு எழ முடியவில்லை. முகம் மட்டும் மேலே வெளிச்சத்தைத் தேடி உயர்ந்திருக்கிறது. அதற்கு வைத்த பெயர் பெண். அவ்வளவுதான்.

அந்தச் சிலையை முடித்த கையோடு, ஏப்ரல் மாதத்தில் ஒரு நாள் இரவு நகமுராயாவில் பேசிக் கொண்டிருந்தவர் திடீரென்று ரத்தமாக வாந்தி எடுத்தார். இரண்டு நாளில், ஏப்ரல் 22-ந் தேதி, இறந்து போனார். வயது முப்பது. அவருடைய நாட்குறிப்பைக் கோக்கோ எரித்துவிட்டார். ஈரத் துணி போர்த்தியிருந்த சிலையைத் திறந்து பார்த்தபோது, அது தாம்தான் என்று அவருக்குத் தெரிந்துவிட்டது. வேறு ஒரு மாடலை வைத்துச் செய்த உருவம்தான். இருந்தாலும் அவருடைய குழந்தைகளே அதைக் கண்டு அம்மா என்று கூவினார்கள் என்பது அந்தக் குடும்பத்தில் வழங்கும் செய்தி.

மகளின் முறை

துக்கம் அத்தோடு நிற்கவில்லை. ரோகுஸானுக்குப் பின் நகமுராயாவின் கொல்லையில் இருந்த கலைக்கூட அறையில் நகமுரா சுனே என்ற இளம் ஓவியர் வந்து தங்கினார். கடைப் பெயருக்கும் இவர் பெயருக்கும் சம்பந்தமில்லை. தாய் தந்தை இல்லாதவர், காச நோயாளி. கோக்கோ அவருக்குத் தாயாக இருந்து சோறு போட்டார். மூத்த மகள் டோஷிகோ 1898-ல் பிறந்தவள். பதினைந்து பதினாறு வயதில் அவளை மாடலாக வைத்து ஓவியர் படங்கள் தீட்டினார். அவற்றில் ஆடையில்லாத மேனியைக் காட்டும் படமும் ஒன்று. 1914-ல் அது கண்காட்சிக்குப் போனது. மிஷன் பள்ளியில் படிக்கும் பெண்! பள்ளிக்கூடம் கொதித்தது.

ஓவியர் அவளை மணக்க விரும்பினார். பெண்ணும் அவரிடம் மனத்தைப் பறிகொடுத்திருந்தாள் என்றே சொல்கிறார்கள். தாய் மறுத்துவிட்டார். அந்தக் காலத்தில் காச நோய்க்கு மருந்து கிடையாது. ரத்தம் கக்கும் ஒருவருக்கு எந்தத் தாய் பெண்ணைக் கொடுப்பாள்? அதிலும், இன்னொருவர் தம் வீட்டிலேயே ரத்தம் கக்கிச் செத்ததைக் கண்ணால் பார்த்த தாய். மறுப்பில் நியாயம் இருக்கத்தான் செய்தது. சுனே மனமுடைந்து அந்த அறையைக் காலி செய்துவிட்டுப் போனார்.

1915 டிசம்பர் முதல் தேதி இரவு, ராஷ் பிஹாரியைக் கொண்டு போய் ஒளித்து வைத்தது அந்தக் காலி அறையில்தான்.

நாலு மாதம் அங்கே இருந்தார். ஐஸோ கடைச் சிப்பந்திகள் அனைவரையும் கூப்பிட்டு விஷயத்தைச் சொன்னார். ஒருவர்கூட வெளியே வாய் திறக்கவில்லை. இந்த ஒன்றுக்காகவே அந்த ரொட்டிக் கடைச் சிப்பந்திகளுக்கு இந்தியா கடன்பட்டிருக்கிறது. வீட்டில் ஆங்கிலம் தெரிந்தவர் கோக்கோ. ஆகவே விருந்தாளியோடு பேச்சு வார்த்தை அவர் பொறுப்பு. தோழர் குப்தா பாதியில் தனியே பிரிந்து போனார். கோக்கோ அப்போது கைக்குழந்தைக்காரி. இரவு பகலாகப் பயந்து பயந்து அவருக்குப் பால் வற்றிவிட்டது. அந்தப் பெண் குழந்தை இறந்தது. அடைக்கலம் கொடுத்த வீடு முதலில் கொடுத்த பலி அது.

1916-ன் தொடக்கத்தில் பிரிட்டிஷ் போர்க்கப்பல் ஒன்று, டென்யோ மாரு என்ற ஜப்பானியக் கப்பலை நடுக்கடலில் நிறுத்தி, அதிலிருந்த இந்தியர்களைப் பிடித்துக் கொண்டு போனது. ஜப்பானுக்கு ரோஷம் பிறந்தது. நாடு கடத்தும் உத்தரவும் கிடப்பில் போயிற்று. ராஷ் பிஹாரி வெளியே வந்தார். ஆனால் பிரிட்டிஷ் தூதரகம் அமர்த்திய ஆட்கள் அவரை மோப்பம் பிடித்துக் கொண்டே இருந்தார்கள். வீடு மாற்றிக் கொண்டே இருக்க வேண்டியிருந்தது. கூடவே இருந்து காக்க, வெளி உலகத்தோடு தொடர்பு வைக்க, சந்தேகம் வராத ஓர் ஆள் வேண்டும். மனைவியை விடப் பொருத்தமான ஆள் யார்? தோயாமா இந்த யோசனையைச் சொன்னார். டோஷிகோவைத் தர முடியுமா என்று ஸோமா தம்பதியிடம் கேட்டார்.

பெண்ணின் பதில்

நம் ஊரில் அந்தக் காலத்தில் பெண்ணை ஒரு வார்த்தை கேட்கும் வழக்கம் கிடையாது. கோக்கோ கேட்டார். முடியாது என்றால் தயங்காமல் சொல்லிவிடு என்றும் சொன்னார். டோஷிகோ சில வாரங்கள் பதில் சொல்லவில்லை. ஓவியருக்கு இவளைத் தர மறுத்த அதே தாய், இப்போது தலைக்கு விலை வைக்கப்பட்ட ஓர் அந்நியருக்குத் தர முன்வருகிறார். உயிருக்கு ஆபத்து என்று அங்கே மறுப்பு. உயிருக்கு ஆபத்து என்று தெரிந்தே இங்கே சம்மதம். அந்த வாரங்களில் அந்தப் பெண் என்னவெல்லாம் யோசித்தாளோ! முடிவில் போகிறேன் என்றாள்.

வெள்ளைக்காரரையும் கறுப்பரையும் பார்த்தாலே தெருவில் கூட்டம் கூடிய காலம் அது. அடிமைப்பட்ட ஒரு நாட்டின் பிரஜையை, அதுவும் ஒரு தேடப்படும் குற்றவாளியை, கௌரவமான ஜப்பானியக் குடும்பத்துப் பெண் மணப்பது கேலிக்கும் ஏச்சுக்கும் இடமானது. 1918-ம் ஆண்டு ஜூலை மாதம், தோயாமாவின் வீட்டில், வெளியே யாருக்கும் தெரியாமல் கல்யாணம் நடந்தது. மணப்பெண்ணுக்கு வயது 19, மாப்பிள்ளைக்கு 32.

அதன் பின் குடித்தனம் என்று பெயரே தவிர, ஓட்டம்தான். ஜப்பான் வந்ததிலிருந்து ராஷ் பிஹாரி வீடு மாற்றியது பதினேழு தடவை என்று கணக்குச் சொல்வார்கள். டில்லியில் வாடகை வீட்டுக்காரருக்குப் பயந்து பதினொரு மாதத்துக்கு ஒரு தடவை சாமான் கட்டிய நம் ஆட்களுக்கு அந்தக் கஷ்டம் ஓரளவு புரியும். அவர்கள் போனதெல்லாம் பிறர் கண்ணில் படாத வீடுகள். ஆகவே வெயிலும் காற்றும் புகாத வீடுகள்.

ராஷ் பிஹாரிக்கு ஒரு சந்தேகம் மனத்தை அரித்துக் கொண்டே இருந்தது. இவள் என்னை மணந்தது கடமைக்காகவா, அன்பினாலா? வாயைத் திறந்து அதிகம் பேசாத பெண்ணிடம் எப்படித் தெரிந்து கொள்வது? கடற்கரையோரம் ஒரு வீட்டில் தங்கியிருந்தபோது ஒரு நாள், என் மேல் உண்மையான அன்பு உண்டென்றால் இங்கிருந்து குதித்துக் காட்டு என்று அவர் சொல்லிவிட்டாராம். டோஷிகோ மறு பேச்சின்றி எழுந்து மாடிக் கைப்பிடியை நோக்கி ஓடினாள். பதறிப் போன கணவர் பாய்ந்து பிடித்துக் கொண்டார். இதைப் பெரிய காதல் நிகழ்ச்சியாகச் சொல்கிறவர்கள் உண்டு. எனக்கு அப்படித் தோன்றவில்லை. வைஸ்ராயின் யானையைக் கண்டு அஞ்சாதவர், தன் மனைவியின் மௌனத்தைக் கண்டு அஞ்சிச் செய்த கொடுமை என்றுதான் சொல்லத் தோன்றுகிறது. ஆனால் அந்த நாளுக்குப் பிறகு அவர் அப்படி ஒரு கேள்வியைக் கேட்கவில்லை.

1920-ல் மகன் மசஹிதே பிறந்தான். 1922-ல் மகள் டெட்சுகோ. 1923 ஜூலையில் ராஷ் பிஹாரிக்கு ஜப்பானியப் பிரஜா உரிமை கிடைத்தது. போஸ் என்ற பெயரையே ஜப்பானிய எழுத்தில் எழுதி வைத்துக் கொண்டார். இனி எந்த அதிகாரியும் அவரைக் கப்பலேற்ற முடியாது. எட்டு ஆண்டுக்குப் பிறகு அவர் ஜன்னலைத் திறந்து வைத்துத் தூங்க முடிந்தது.

டோஷிகோவின் உடம்பு அதற்குள் உருக்குலைந்திருந்தது. வெயில் படாத வீடுகளில் கழிந்த ஆண்டுகள் அவள் நெஞ்சைத் தின்றுவிட்டன என்று தாயார் கருதினார். காச நோய்! எந்த நோய்க்குப் பயந்து ஓவியருக்குப் பெண் தர மறுத்தாரோ, அதே நோய் இந்தக் கல்யாணத்தின் வழியாக வீட்டுக்குள் வந்துவிட்டது. ஓவியர் நகமுரா சுனே 1924-ம் ஆண்டு டிசம்பர் 24-ந் தேதி, 37-வது வயதில் இறந்தார். பத்து வாரம் கழித்து, 1925 மார்ச் 4-ந் தேதி, டோஷிகோ கண்ணை மூடினாள். அவளுக்கு வயது 26. மகனுக்கு நாலு, மகளுக்கு இரண்டு. ஆபத்தில்லாத குடித்தனம் அவளுக்குக் கிடைத்தது இரண்டு ஆண்டுகூட இல்லை.

எண்பது ஸென் கோழிக் குழம்பு

ராஷ் பிஹாரி மறுமணம் செய்து கொள்ளவில்லை. மாமியாரே யோசனை சொல்லியும் மறுத்துவிட்டார். குழந்தைகளைத் தாத்தா பாட்டி வளர்த்தார்கள். மாமனார் வீட்டுக் கடனைப் பணத்தால் தீர்க்க வழியில்லாத அவர், கைப்பக்குவத்தால் ஒன்று செய்தார். ஷின்ஜூகுவில் பெரிய ஜவுளி அங்காடிகள் வந்து ரொட்டிக் கடை வியாபாரத்துக்குப் போட்டி ஏற்பட்டபோது, 1927-ம் ஆண்டு ஜூன் மாதம் நகமுராயாவில் ஒரு சிற்றுண்டிப் பகுதி திறந்தார்கள். அதில் அசல் இந்தியக் குழம்பும் சோறும் போட வேண்டும் என்று மருமகன் பிடிவாதம் பிடித்தார்.

ஜப்பானியர் அதுவரை கறி என்று சாப்பிட்டது வெள்ளைக்காரன் வழியாக வந்த சரக்கு. கோதுமை மாவு கரைத்துக் கெட்டியாக்கிய மஞ்சள் கூழ். தன் நாட்டை அடிமை கொண்டவன் கையால் தன் நாட்டுச் சமையலும் கெட்டுப் போவதை அவரால் சகிக்க முடியவில்லை. எலும்போடு கூடிய கோழித் துண்டுகள், மாவு சேர்க்காத மசாலாக் குழம்பு, தனியே சோறு. முதலில் ஜப்பானியருக்கு அதன் வாசனை பிடிக்கவில்லையாம். பிறகு பழகிவிட்டது. மற்ற இடங்களில் பத்துப் பன்னிரண்டு ஸென்னுக்குக் கறிச் சோறு கிடைத்த நாளில், இதன் விலை எண்பது ஸென். ஆனாலும் கூட்டம் அலைமோதியது. ஐஸோ நல்ல அரிசியையும் நல்ல கோழியையும் தேடித் தேடி வாங்கினார். ஷின்ஜூகு நகமுராயாவில் அந்தக் குழம்பு இன்றும் கிடைக்கிறது. காதலும் புரட்சியும் கலந்த சுவை என்று கடைக்காரர்களே விளம்பரம் செய்கிறார்கள். அந்தச் சுவையில் இன்னொன்றும் கலந்திருப்பதை விளம்பரத்தில் எழுத முடியாது.

இரண்டு போஸ்கள்

மிச்சக் கதை சரித்திரப் புத்தகத்தில் இருப்பதுதான். சுருக்கமாகச் சொல்லி விடலாம். ஜப்பான் 1941 டிசம்பரில் யுத்தத்தில் இறங்கியதும் ராஷ் பிஹாரி தென்கிழக்கு ஆசிய இந்தியர்களை ஒன்று சேர்த்தார். 1942 ஜூனில் பாங்காக்கில் கூடிய மாநாடு அவரைத் தலைமையில் வைத்தது. மலாயாவின் ரப்பர் தோட்டங்களில் பால் வெட்டிக் கொண்டிருந்த ஆயிரக்கணக்கான தமிழர்கள் பின்னர் துப்பாக்கி தூக்கிய இயக்கம் இதுவே. ஆனால் பலருக்கு அவர் மேல் முழு நம்பிக்கை இல்லை. ஜப்பானியப் பிரஜை, ஜப்பானியக் குடும்பத்து மருமகன், இவர் யார் பக்கம் என்று சந்தேகப்பட்டார்கள். இவரைக் காப்பாற்றிய கல்யாணமே இவர் மேல் பழி சுமத்தவும் உதவிற்று. 1943-ம் ஆண்டு ஜூலை 4-ந் தேதி, சிங்கப்பூர் காத்தே மண்டபத்தில் எல்லாப் பொறுப்பையும் சுபாஷ் சந்திர போஸிடம் ஒப்படைத்துவிட்டு ஒதுங்கிக் கொண்டார். பதவியை இப்படி மனமாரக் கைமாற்றிக் கொடுத்தவர்களைச் சரித்திரத்தில் விரல் விட்டு எண்ணலாம்.

அவருக்கும் நுரையீரல் நோய் முற்றியிருந்தது. டோக்கியோ திரும்பிப் படுக்கையில் விழுந்தார். ஜப்பானிய அரசு உதய சூரியன் விருதை அவருக்கு அளித்தது. வானத்திலிருந்து குண்டு மழை பொழிந்து கொண்டிருந்த 1945-ம் ஆண்டு ஜனவரி 21-ந் தேதி அவர் காலமானார். 1915-ல் கப்பலேறியவர் முப்பது ஆண்டில் ஒரு தடவைகூட இந்திய மண்ணை மிதிக்கவில்லை. டோக்கியோவில் தாமா என்ற இடத்தில் உள்ள மயானத்தில் அவருடைய சமாதி இருக்கிறது. 1967-ல் இந்திய சர்க்கார் அவருக்குத் தபால் தலை வெளியிட்டது.

மகன் மசஹிதே ஜப்பானிய ராணுவத்தில் சேர்ந்திருந்தான். தந்தை இறந்து ஐந்து மாதத்தில், ஒகினாவாத் தீவில் நடந்த சண்டையில் அவனும் மாண்டான். வயது 24. தாயைப் போலவே முப்பதைக் காணவில்லை.

ஸோமா தம்பதி இதையெல்லாம் பார்த்துக் கொண்டு உயிரோடு இருந்தார்கள். ஐஸோ 1954-ல் போனார். கோக்கோ 1955 மார்ச்சில், தம் 78-வது வயதில். மகள் இறந்ததும் ஒரு மார்ச் மாதத்தில்தான். இடையில் முப்பது ஆண்டு. ஹோதாகாவில் 1958-ல் ரோகுஸானுக்கு ஒரு சிறிய கலைக்கூடம் கட்டினார்கள். முழங்காலிட்ட அந்தப் பெண்ணின் அசல் உருவத்தை டோக்கியோ தேசியக் காட்சிசாலையில் வைத்திருக்கிறார்கள். 1967-ல் ஜப்பானிய அரசு அதைத் தேசத்தின் முக்கியக் கலைச் செல்வமாக அறிவித்தது. கைகள் இன்னமும் முதுகுக்குப் பின்னால் பிணைந்தபடியே இருக்கின்றன.